கேளாமல் விதித்த கட்டளை யாருக்கு உதவும்?

“நச்சு நீரை ஆற்றிலே அவிழ்த்து விட்டவனுக்கு நோட்டீஸ் எதற்கு? விசாரணை எதற்கு? பூட்டுப் போடு! மின்சாரத்தை அறு!” என்று முழங்குகிறார்கள் நம் தோழர்கள் சிலர். நொய்யலின் கரையிலே பிறந்தவர்கள் அவர்கள். பாலாற்று மணலிலே ஆடித் திரிந்தவர்கள். கிணற்று நீர் கசந்ததையும், தென்னை கருகியதையும், கறவை மாடு தொட்டித் தண்ணீரை முகர்ந்து பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக் கொண்டதையும் கண்ணாலே கண்டவர்கள். அவர்கள் முழக்கத்திலே சினம் இருக்கிறது. அந்தச் சினத்தின் அடியிலே நியாயமும் இருக்கிறது. அதை மறுப்பதற்கல்ல இந்தக் கட்டுரை.

ஆனால் தோழர்களே, சினத்தோடு சேர்த்து ஒரு கணக்கும் போட்டுப் பார்க்க வேண்டியவர்கள் நாம். கேளாமல் போடப்பட்ட பூட்டு எத்தனை நாள் பூட்டியிருக்கிறது? கேளாமல் விதிக்கப்பட்ட தண்டத்திலே எத்தனை காசு உழவன் கைக்கு வந்து சேர்ந்திருக்கிறது? இந்த இரண்டு கேள்விகளுக்கும் விடை தேடப் புறப்பட்டால், ஆலைக்காரனைக் கேட்டபின் கட்டளையிடு என்று சொல்வது ஆலைக்காரனுக்குப் பரிந்து பேசுவதாகாது, ஆற்றுக்காகப் பேசுவதுதான் என்பது விளங்கும்.

முதலிலே, அதிகாரம் எவ்வளவு பெரியது என்பதைப் பார்ப்போம். 1974-ஆம் ஆண்டு நீர் மாசு தடுப்புச் சட்டம் பிறந்தபோது, ஓர் ஆலையை நிறுத்த வேண்டுமானால் வாரியம் பெரும்பாலும் நீதிமன்றத்தின் படியேற வேண்டியிருந்தது. 1984 டிசம்பரில் போபாலிலே நச்சுப்புகை ஆயிரக்கணக்கானோரைக் கொன்று குவித்தது. நாடு நடுங்கிற்று. 1986-இலே சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் வந்தது. அதன் 5-ஆம் பிரிவின் வார்ப்பிலே, 1988-ஆம் ஆண்டு நீர்ச் சட்டத்திலும் 33-ஏ என்ற பிரிவு நுழைக்கப்பட்டது. அன்று முதல் வாரியம் ஒரு தாளிலே “மூடு” என்று எழுதலாம். மின்வாரியத்துக்கு “நிறுத்து” என்று எழுதலாம். தண்ணீர்க் குழாயையும் அடைக்கச் சொல்லலாம். நீதிமன்றத்தின் முன் அனுமதி தேவையில்லை. தமிழ்நாட்டிலே 1982-இலே அமைந்த மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் கையிலும் இந்த வாள் இருக்கிறது.

இந்த வாள் வேண்டாம் என்று நாம் கூறவில்லை. வேண்டும், துருப்பிடிக்காமல் இருக்கவும் வேண்டும். ஆனால் வாளைக் கொடுத்தவர்களே உறையையும் கொடுத்திருக்கிறார்கள். 1986-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் பாதுகாப்பு விதிகளில் 4-ஆவது விதியைப் படித்துப் பாருங்கள். கட்டளையிடுமுன் அதன் நகலை உரியவனிடம் கொடுக்க வேண்டும். மறுப்புரை எழுத 15 நாளுக்குக் குறையாமல் தவணை தர வேண்டும். மறுப்புரை வந்த 45 நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். சுற்றுச்சூழலுக்குப் பெருங்கேடு நேரும் நிலையென்றால் தவணை தராமலே கட்டளையிடலாம். ஆனால் ஏன் தரவில்லை என்பதை எழுத்திலே பதிந்து வைக்க வேண்டும். அவ்வளவுதான். 15 நாள்! ஆற்றிலே பல்லாண்டுக் காலம் நஞ்சு கலந்ததைப் பார்த்துக் கொண்டிருந்த அதிகாரிகளுக்கு, இந்த 15 நாள் மட்டும் ஏன் சுமையாகத் தோன்றுகிறது என்பது நமக்குப் புரியாத புதிர்.

“கேட்டபின் தீர்ப்பு” என்பது ஏதோ முதலாளிகள் கண்டுபிடித்த தந்திரம் என்று எண்ணிவிடாதீர்கள். இங்கிலாந்திலே 1718-ஆம் ஆண்டு, கேம்பிரிட்ஜ் பல்கலைக் கழகம் பெண்ட்லி என்ற அறிஞரின் பட்டங்களை அவரை அழைத்துக் கேளாமலே பறித்தது. வழக்கு வந்தபோது நீதிபதி ஒருவர், ஏதேன் தோட்டத்துக் கதையை எடுத்துக்காட்டி, ஆண்டவனே ஆதாமை அழைத்துக் கேட்ட பிறகுதானே தண்டித்தான் என்ற கருத்தை வைத்தார். அந்தக் கதையை நம்புவோரும் உண்டு, நம்பாதோரும் உண்டு. நீதிபதி சொன்ன நியாயத்தை மறுப்பார் இல்லை.

அவ்வளவு தூரம் போவானேன்? மதுரை இருக்கிறதே! கோவலன் கையிலே சிலம்பு இருந்தது என்பதே குற்றத்துக்குச் சான்றாயிற்று. “இது உன் கைக்கு எப்படி வந்தது?” என்ற ஒரே ஒரு கேள்வி கேட்கப்படவில்லை. கேட்டிருந்தால் அரசி சிலம்பின் பரல் முத்தென்றும், கண்ணகி சிலம்பின் பரல் மாணிக்கமென்றும் கொலைக்களத்துக்கு முன்பே தெரிந்திருக்கும். கதைதானே என்று தள்ளாதீர்கள். ஒரு சாயப்பட்டறையின் பின்புறம் ஓடை ஓடுகிறது. ஓடையிலே சிவப்பு நீர். பட்டறை அங்கேயே இருக்கிறது. நீரும் அங்கேயே இருக்கிறது. வேறு சான்று எதற்கு? ஆனால் அதே ஓடையின் மேற்புறத்திலே இன்னும் பத்துப் பட்டறைகள் இருக்கின்றனவே! அந்தச் சிவப்பு யாருடைய சிவப்பு? கேட்டால்தானே தெரியும்? கேளாமல் கீழ்க்கடைசிப் பட்டறையை மூடிவிட்டால், மேலே உள்ள பத்தும் மறுநாளும் திறந்து விடும். ஓடை மறுநாளும் சிவந்தே ஓடும்.

இங்கேதான் மாதிரி எடுக்கும் முறை வருகிறது. இதைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். நம் தோழர்களிலே பலர் மனு எழுதுகிறார்கள், மறியல் செய்கிறார்கள். ஆனால் ஒரு புட்டித் தண்ணீர் எப்படிச் சான்றாகிறது என்பதை அறிந்தவர் சிலரே.

நீர்ச் சட்டத்தின் 21-ஆம் பிரிவு சொல்வது இது. ஆலையின் கழிவு நீரிலே மாதிரி எடுக்கும் அதிகாரி, அந்த இடத்திலேயே, அந்த வேளையிலேயே, “இதைப் பரிசோதனைக்கு அனுப்பப் போகிறேன்” என்று ஆலைக்காரனுக்கு எழுத்திலே அறிவிக்க வேண்டும். அவன் கண் முன்னே மாதிரியை இரண்டாகப் பிரிக்க வேண்டும். இரண்டு புட்டிகளுக்கும் அடையாளமிட்டு, முத்திரை வைத்து, எடுத்தவரும் ஆலைக்காரரும் கையொப்பமிட வேண்டும். ஒன்று வாரியத்தின் ஆய்வுக்கூடத்துக்குப் போகும். ஆலைக்காரன் கேட்டால், மற்றொன்று அரசு குறித்துள்ள வேறோர் ஆய்வுக்கூடத்துக்குப் போகும். அந்தச் செலவு அவனுடையது. இரண்டு முடிவுகளும் ஒத்துப் போகாவிட்டால் அரசு குறித்த ஆய்வுக்கூடத்தின் முடிவே நிற்கும் என்கிறது 22-ஆம் பிரிவு. ஆய்வு அறிக்கை மூன்று படிகள். அவற்றிலே ஒன்று ஆலைக்காரனுக்கு.

ஆலைக்காரன் ஒளிந்து கொண்டால்? வேண்டுமென்றே வராமல் இருந்தால்? அதற்கும் வழி சொல்லியிருக்கிறது சட்டம்: அதிகாரியே முத்திரையிட்டு, தானே கையொப்பமிட்டு அனுப்பலாம். வந்திருந்தும் பிரிக்கச் சொல்லிக் கேட்காதவனுக்கும் அப்படியே. தப்பிக்க நினைப்பவனுக்குச் சட்டம் இடமே வைக்கவில்லை. இப்படிச் செய்யாமல் எடுத்த மாதிரியின் முடிவு மட்டும் வழக்கிலே சான்றாகாது.

டெல்லியிலே புட்டிகளில் பானம் நிரப்பும் ஆலையொன்றின் வழக்கு 1986-இலே உயர் நீதிமன்றத்துக்கு வந்தது. மாதிரி எடுத்ததிலே இந்த முறை கைக்கொள்ளப்படவில்லை; ஆகவே அந்த ஆய்வு முடிவு சான்றாகாது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆலையின் கழிவு நீர் தூயதா, நஞ்சா என்ற கேள்விக்கே நீதிமன்றம் போகவில்லை. போகத் தேவையில்லாமல் போயிற்று! ஒரு கையொப்பமும், இரண்டாவது புட்டியும் இல்லாத குறை, வாரியத்தின் வழக்கைச் சாய்த்துவிட்டது. அதன்பின் எத்தனை ஆலை வழக்கறிஞர்கள் அந்தத் தீர்ப்பைக் கையிலே பிடித்துக் கொண்டு நீதிமன்றப் படியேறியிருப்பார்கள் என்பதை நீங்களே ஊகித்துக் கொள்ளலாம்.

புட்டியின் வேகமும் முக்கியம். ஆற்றிலே விடும் கழிவு நீரிலே கரைந்த உப்பு லிட்டருக்கு 2,100 மில்லிகிராம் வரை என்பது வரம்பு. உயிர்வளித் தேவை 30 மில்லிகிராம். உப்பு புட்டியிலே கிடந்தாலும் உப்பாகவே இருக்கும். உயிர்வளித் தேவை அப்படியன்று. வெயிலிலே ஜீப்பில் சுற்றிய புட்டி வேறு கணக்குச் சொல்லும். ஆகவேதான் “உடனே அனுப்பு” என்கிறது சட்டம். இந்த நுணுக்கமெல்லாம் ஆலைக்காரனுக்குச் சலுகையாக எழுதப்பட்டவை அல்ல. நாளைக்கு அவன் “இது என் நீர் அல்ல” என்று சொல்ல முடியாமல் வாயை அடைப்பதற்காக எழுதப்பட்டவை.

சரி, விசாரணை உரிமை யாருக்கு உதவுகிறது? பெரிய ஆலைக்காரனுக்கு என்று நினைப்போமானால் ஏமாந்து போவோம். பெரியவனுக்கு நோட்டீஸ் கொடுத்தாலும் ஒன்று, கொடாவிட்டாலும் ஒன்று. காலையிலே மின்சாரம் போனால் மாலையிலே அவனுடைய வழக்கறிஞர் சென்னையிலோ டெல்லியிலோ தடையாணை கேட்டு நிற்பார். வாரியம் கேளாவிட்டால் நீதிமன்றம் கேட்கும். அதற்கான செலவு அவனுக்கு ஒரு நாள் வரவு. நாலு வின்ச் வைத்துக் கொண்டு பிறருக்குக் கூலிக்குச் சாயமிடுகிற சின்னப் பட்டறைக்காரனுக்கு? அவனுக்குக் கிடைக்கும் ஒரே விசாரணை, அந்த 15 நாள் நோட்டீஸ்தான். அதை விட்டால் அவனுக்கு வேறு மன்றம் கிடையாது, இருந்தாலும் எட்டாது. அந்த நோட்டீஸ் அவனுக்குப் புரிகிற தமிழிலே இருக்கிறதா, எந்த நாளில் எடுத்த மாதிரி, எந்த அளவு மிஞ்சியது, என்ன செய்தால் பட்டறை திறக்கும் என்பதெல்லாம் அதிலே இருக்கிறதா என்று நாம் கேட்கக் கடமைப்பட்டவர்கள். பட்டறை மூடினால் முதலாளிக்குக் கடன். அங்கே துணி அலசிய தொழிலாளிக்கோ அன்றைய அடுப்பே அணைகிறது. அவனுக்கு யாரும் நோட்டீஸ் கொடுப்பதும் இல்லை.

பெரியவன் எப்படி நடந்து கொள்வான் என்பதற்குத் தூத்துக்குடியே போதும். 2018 மே 22. நூறு நாள் போராடிய மக்கள் மீது துப்பாக்கிச் சூடு. 13 உயிர்கள் மாண்டன. நாடே பதறியது. மறுநாள் ஸ்டெர்லைட் ஆலையை மூடவும் மின்சாரத்தைத் துண்டிக்கவும் கட்டளை பிறந்தது. மே 28-இலே நிரந்தரமாக மூடும் அரசாணை. மக்கள் கேட்டதும் அதுதான். மூட வேண்டிய ஆலையும் அதுதான். ஆனால் அன்று ஆண்டவர்கள், நிலத்தடி நீரைப் பற்றியும், உப்பாற்றிலே கொட்டிய கசடைப் பற்றியும் ஆண்டுக் கணக்கிலே கோப்புகள் இருந்தும், முறையான நோட்டீஸ் ஒன்றைத் தந்து, மறுப்புரை வாங்கி, காரணம் எழுதி மூடினார்களா? இரத்தம் காயுமுன் ஒரு தாளை நீட்டினார்கள். விளைவு? நிறுவனம் பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போயிற்று. தீர்ப்பாயம் அமைத்த குழு, நோட்டீஸும் இல்லை, கேட்கும் வாய்ப்பும் இல்லை, இயற்கை நீதிக்கு முரண் என்று எழுதியது. 2018 டிசம்பர் 15-இலே தீர்ப்பாயம் மூடல் ஆணையைத் தள்ளிற்று. தீர்ப்பாயத்துக்கு இதை விசாரிக்கும் அதிகாரமே இல்லை என்று 2019 பிப்ரவரி 18-இலே உச்ச நீதிமன்றம் சொன்னதால் ஆலை திறவாமல் தப்பினோம். பிறகு சென்னை உயர் நீதிமன்றம் 2020 ஆகஸ்ட் 18-இலே மூடியது சரியே என்றது. 2024 பிப்ரவரி 29-இலேதான் உச்ச நீதிமன்றம் நிறுவனத்தின் முறையீட்டைத் தள்ளிக் கதவை அடைத்தது.

ஐந்து ஆண்டும் ஒன்பது மாதமும்! அத்தனை நாளும் தூத்துக்குடித் தாய்மார்கள் ஒவ்வொரு தீர்ப்பு நாளிலும் நெஞ்சைப் பிடித்துக் கொண்டிருந்தார்கள். “எங்களைக் கேட்கவில்லை” என்ற ஒரு வாதத்தை அந்த நிறுவனத்தின் கையிலே ஆட்சியாளர்களே எடுத்துக் கொடுத்திருக்க வேண்டுமா? இறுதியிலே வென்றோம் என்பதற்காக, வழியிலே தோற்கவிருந்த நாளை மறந்துவிடக் கூடாது.

வடக்கே நடப்பதையும் பாருங்கள். ஒரு புகார் வரும், தீர்ப்பாயம் ஒரு கூட்டுக் குழுவை அமைக்கும், குழு ஓர் அறிக்கை தரும், அறிக்கையே தீர்ப்பாகிவிடும். கிராசிம் நிறுவன வழக்கிலே, ஆலையை வழக்கிலே சேர்க்காமலே குழுவின் அறிக்கையை வைத்துத் தீர்ப்பாயம் கட்டளையிட்டதை 2024 நவம்பரிலே உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அதே மாதத்திலே இன்னோர் இரசாயன ஆலைக்கு விதித்த 25 கோடி ரூபாய்த் தண்டமும் போயிற்று. ஆலையின் விற்றுவரவு இவ்வளவு, ஆகவே தண்டம் இவ்வளவு என்று போட்ட கணக்கு அது. ஆலை எவ்வளவு விற்றது என்பதற்கும் ஆறு எவ்வளவு கெட்டது என்பதற்கும் என்ன தொடர்பு? அந்தத் தொடர்பைக் காட்டாததால் 25 கோடியும் ஒரு நாளிலே மறைந்தது. அதிலே ஒரு கோடியாவது கெட்ட கிணற்றைத் தூர்வார வந்திருந்தால் நமக்கு மகிழ்ச்சியாக இருந்திருக்கும்.

இவ்வளவும் சொன்ன பிறகு, தோழர்கள் கேட்பார்கள்: “திருப்பூரிலே கேட்கவில்லையா? எவ்வளவு கேட்டார்கள்! கேட்டுக் கேட்டே ஆறு செத்ததே!” என்று. ஆம். அதையும் மறைக்காமல் பேசுவோம்.

நொய்யலின் குறுக்கே ஒரத்துப்பாளையம் அணை 1992-இலே கட்டி முடிக்கப்பட்டது, பாசனத்துக்காக. சில ஆண்டுகளிலேயே அது சாயநீர்த் தொட்டியாயிற்று. அணையைத் திறக்காதே என்று உழவன் கெஞ்சிய விந்தை இந்தத் தமிழ்நாட்டிலே நடந்தது! ஆயக்கட்டு உழவர்கள் 2003-இலே உயர் நீதிமன்றம் போனார்கள். 2006 டிசம்பரிலே, ஒரு துளிக் கழிவு நீரும் வெளியேறக் கூடாது என்ற நிலைக்கு வா, இல்லையேல் மூடு என்று தீர்ப்பு. தவணை, மறுபடி தவணை, அதன் மேல் தவணை. 2009 அக்டோபரிலே உச்ச நீதிமன்றமும் உழவர் பக்கமே நின்றது. அதன் பிறகும் சாயநீர் ஓடிற்று. 2011 ஜனவரி 28-இலே பொறுமை இழந்தது உயர் நீதிமன்றம்: 700-க்கும் மேற்பட்ட சாய, சலவை ஆலைகளையும், அவற்றின் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களையும் ஒட்டுமொத்தமாக மூடு, மின்சாரத்தை நிறுத்து! துளியும் வெளியேறாத நிலையை மெய்ப்பித்தவன் பிறகு வந்து திறந்து கொள்ளலாம். ஊருக்கு ஊர் பேருந்து ஏறிப் போனார்கள் தொழிலாளர்கள்.

இதிலே என்ன பாடம் என்று கேட்டால், விசாரணை கூடாது என்பதன்று நான் காண்பது. திருப்பூரிலே நடந்தது விசாரணையும் அன்று, தவணை வியாபாரம். கேட்பது வேறு, காலங்கடத்துவது வேறு. தனித்தனியாக ஒவ்வோர் ஆலையையும் 15 நாளிலே கேட்டு, 45 நாளிலே முடிவெழுதியிருந்தால், 2003-க்கு முன்பே தவறு செய்தவன் யார், செலவு செய்து சுத்திகரித்தவன் யார் என்று பிரிந்திருக்கும். அப்படிப் பிரிக்காமல் விட்டதால்தான் கடைசியிலே எல்லார் தலையிலும் ஒரே சம்மட்டி விழ நேர்ந்தது. செலவு செய்தவன் அன்று என்ன நினைத்திருப்பான்? “ஏமாற்றியவனுக்கும் இதே பூட்டு, எனக்கும் இதே பூட்டு, நான் எதற்கு வங்கியிலே கடன் வாங்கினேன்?” என்றுதானே? அந்த எண்ணம் ஓர் ஊரிலே பரவிவிட்டால் இரவோடிரவாகத் திறந்து விடும் குழாய்களை எந்த வாரியமும் எண்ண முடியாது.

பாலாற்றுக் கதையும் இதையே சொல்கிறது. வேலூர்க் குடிமக்கள் நலச் சங்கத்தின் வழக்கிலே 1996 ஆகஸ்ட் 28-இலே வந்த தீர்ப்பு, இந்திய நாட்டின் சுற்றுச்சூழல் சட்டத்துக்கே அடிக்கல். அந்தத் தீர்ப்பிலே வரும் கணக்கு நெஞ்சை அறுக்கும்: தோல் பதனிடும் பகுதிகளிலே சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுதாகவோ பாதியாகவோ பாழ், திண்டுக்கல் பக்கம் 13 சிற்றூர்களிலே 467 கிணறுகளில் 350 கெட்டவை. கெடுத்தவனே கொடுக்க வேண்டும் என்றார்கள் நீதிபதிகள். தீங்கில்லை என்று மெய்ப்பிக்கும் பொறுப்பும் தொழில் நடத்துபவனுக்கே என்றார்கள். நாம் கைதட்டி வரவேற்ற தீர்ப்பு. ஆனால் அதே தீர்ப்பு, இழப்பைக் கணக்கிடும் ஆணையம் மாசு செய்தோருக்கு வாய்ப்பளித்த பிறகே கணக்கிட வேண்டும் என்றும் சொல்லியிருப்பதை நம் மேடைகள் ஏனோ சொல்வதில்லை. மெய்ப்பிக்கும் சுமையை ஒருவன் தலையிலே ஏற்றினால், மெய்ப்பிப்பதற்கு ஒரு மன்றமும் தரத்தானே வேண்டும்?

அந்தத் தீர்ப்பிலேயே எனக்கு உடன்பாடில்லாத ஓரிடமும் உண்டு. ஐந்து மாவட்டத்துத் தோல் ஆலைகளுக்கும் ஆளுக்கு 10,000 ரூபாய்த் தண்டம் என்றார்கள். ஐந்து குழி வைத்திருந்தவனுக்கும் 10,000. அயல்நாட்டுக்குக் கப்பல் கப்பலாகத் தோல் அனுப்பியவனுக்கும் 10,000. முன்னவன் நகையை அடகு வைத்தான். பின்னவன் அதை வெற்றிலைச் செலவிலே எழுதிக் கொண்டான். தனித்தனியே கேளாமல் விதிக்கும் தண்டம் எப்போதும் இப்படித்தான், ஏழைக்குக் கனக்கும்; செல்வனுக்குக் காற்றாகும்.

இப்போது உழவனைப் பற்றி. விசாரணை உரிமை என்றவுடன் ஆலைக்காரன் முகம் மட்டும் நினைவுக்கு வருகிறதே, அதுவே நம் காலத்தின் குறை. கன்றை இழந்த பசுவும் இழுக்கக் கூடிய மணியொன்றைச் சோழன் வாயிலிலே கட்டியிருந்தானாம். 33-ஏ பிரிவின் வாயிலிலே அப்படி ஒரு மணி இல்லை. நோட்டீஸ் ஆலைக்காரனுக்குப் போகிறது. மறுப்புரை ஆலைக்காரனிடமிருந்து வருகிறது. மூடிய ஆலையைத் திறக்கும்போதும் வாரியமும் ஆலைக்காரனும் மட்டுமே பேசிக் கொள்கிறார்கள். கீழ்ப்புறத்துக் கிணற்றுக்காரனுக்கு ஆலை மூடியதும் தெரியாது, திறந்ததும் தெரியாது. மறுபடி நீர் கசந்த பிறகுதான் தெரியும். வேலூர் வழக்கிலே என்ன ஆயிற்று? 1991-இலே தொடங்கிய வழக்கு, 1996-இலே தீர்ப்பு, 2001-இலே இழப்பீட்டுக் கணக்கு. 2025 ஜனவரி 30-இலே உச்ச நீதிமன்றம் மறுபடி தலையிட்டு, இன்னும் இழப்பீடு பெறாதவர்களுக்கு ஆறு வாரத்துக்குள் அரசு கொடுத்துவிட்டு, கெடுத்தவர்களிடம் வசூலித்துக் கொள்ள வேண்டும் என்று சொல்ல வேண்டியிருந்தது. கேட்கப்படாதவன் யார் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? அவனை விசாரணையிலே உட்கார வைத்திருந்தால், ஆலைக்காரனின் மறுப்புரையைப் பொய்யென்று சொல்ல வாரியத்துக்கு ஒரு சான்றாளி இலவசமாகவே கிடைத்திருப்பான்.

2024-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் வேறொரு திசையிலே போகிறது. நீர்ச் சட்டத்திலே பல குற்றங்களுக்கு இருந்த சிறைத் தண்டனையை நீக்கி, 10,000 ரூபாய் முதல் 15 இலட்சம் வரை தண்டம் என்று ஆக்கியிருக்கிறார்கள். தண்டத்தை விதிப்பவர் நீதிபதி அல்லர். மைய அரசு நியமிக்கும் தீர்ப்பளிக்கும் அதிகாரி. மேல்முறையீடு செய்வதானால் தண்டத்தில் நூற்றுக்குப் பத்தை முன்னே கட்ட வேண்டும். முதலிலே இமாசலப் பிரதேசத்துக்கும் இராசத்தானுக்கும் ஒன்றியப் பகுதிகளுக்கும் பொருந்தும். மற்ற மாநிலங்கள் தீர்மானம் இயற்றினால் ஏற்கலாம். நீர் மாநிலங்களின் பட்டியலிலே இருக்கும்போது, தண்டம் விதிப்பவரை டெல்லி நியமிப்பானேன் என்ற கேள்வி ஒருபுறம். சிறைக்கு அஞ்சிய பெரிய ஆலைக்காரன் 15 இலட்சத்துக்கு அஞ்சுவானா என்ற கேள்வி மறுபுறம். சின்னவனோ மேல்முறையீட்டுப் பணத்துக்கே அலைவான்.

2025 ஆகஸ்ட் 4-இலே உச்ச நீதிமன்றம், மாசுக் கட்டுப்பாட்டு வாரியங்களே 33-ஏ பிரிவின் கீழ் இழப்பீட்டுத் தொகை விதித்து வாங்கலாம் என்று தீர்ப்பளித்தது. பெரிய அதிகாரம். ஆனால் எப்படி விதிப்பது, எப்படிக் கேட்பது என்பதற்கு முதலிலே விதிகள் இயற்று, இயற்கை நீதி அவற்றிலே இடம் பெறட்டும் என்ற நிபந்தனையோடு கொடுத்தது. அந்த விதிகளிலே என்ன இருக்கும் என்பதுதான் இனி வரும் ஆண்டுகளிலே நொய்யலுக்கும் பாலாற்றுக்கும் பவானிக்கும் உயிர்ப் பிரச்சினை.

அந்த விதிகளிலே நமது இயக்கம் கேட்க வேண்டியவை வெளிப்படையானவை. நோட்டீஸ் தமிழிலே இருக்கட்டும். எந்த நாள், எந்த வடிகால், எந்த அளவு என்பதைச் சொல்லட்டும். மாதிரி இரண்டாகட்டும். கொடிய நஞ்சு ஓடிக் கொண்டிருந்தால் வடிகாலை அன்றே அடைக்கட்டும். ஆனால் ஏழே நாளுக்குள் ஆலைக்காரனைக் கூப்பிட்டுக் கேட்கட்டும். அடைத்த பிறகு கேட்பதும் கேட்பதுதான். ஒருபோதும் கேளாதிருப்பதுதான் குற்றம். ஒரு தவணைக்கு மேல் தவணை இல்லை என்று எழுதட்டும். இரண்டாவது தவணை கேட்பவன் வங்கி உத்தரவாதத்தோடு வரட்டும். கிணற்றுக்காரனுக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் அதே விசாரணையிலே நாற்காலி இருக்கட்டும். முடிவு காரணத்தோடு எழுதப்பட்டு, ஊராட்சி அலுவலகச் சுவரிலே ஒட்டப்படட்டும். இழப்பீட்டுத் தொகை, கெட்ட நிலத்தின் பெயருக்கு எந்த நாளிலே போய்ச் சேரும் என்பதும் அதே தாளிலே இருக்கட்டும்.

அடுத்த முறை மாவட்ட அலுவலகத்தின் முன்னே திரளும்போது, “ஆலையை மூடு” என்ற பலகையோடு இன்னொரு மனுவையும் தோழர்கள் கையிலே கொண்டு போக வேண்டும். எந்தத் தேதியில் மாதிரி எடுத்தீர்கள்? எத்தனை புட்டி? யார் கையொப்பம்? நோட்டீஸ் எண் என்ன? 45-ஆவது நாள் எது? தகவல் உரிமைச் சட்டம் 2005-இலிருந்து இருக்கிறது. 30 நாளிலே பதில் சொல்லியாக வேண்டும். அந்தப் பதிலை வாங்கி வந்து கிளைக் கூட்டத்திலே படியுங்கள்.

நோட்டீஸே போகவில்லை என்று பதில் வந்தால், அன்றைக்கு நம் மறியல் ஆலை வாசலிலே அன்று, வாரிய அலுவலகத்தின் வாசலிலே.